‘சரிங்க சிஸ்டர்’ என்ற பதிலை நம்பி அனுப்பாதீர்கள்

சேலம் மாவட்ட மருத்துவப் பணிகள் இணை இயக்குநர் அவர்களுக்கும், மாவட்ட சுகாதார அலுவலர் அவர்களுக்கும், அரசு, தனியார் என்ற பேதமில்லாமல் இந்த மாவட்டத்தின் வார்டு சிஸ்டர்கள் எல்லாருக்கும்,

வணக்கம்.

நான் அரசு மருத்துவமனைகளில் 31 வருடம் ஸ்டாஃப் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள். இப்போது ஏற்காட்டில், டவுனிலிருந்து கொஞ்சம் தள்ளி, காபித் தோட்டங்களுக்கு நடுவே ஒரு சின்ன ஊரில் இருக்கிறேன். காலையில் வாசல் தெளிக்கும்போதே யாராவது கையில் ஒரு டப்பாவோடு வந்து நிற்பார்கள். பி.பி. மெஷின், சுகர் மெஷின், வீசிங்குக்கு வைக்கிற மாஸ்க், நேற்று டிஸ்சார்ஜ் ஆனபோது கொடுத்துவிட்ட ஏதோ ஒரு டியூப். “அக்கா, இதை எப்படிங்க பண்றது?” என்பார்கள். அவர்கள் இதை உங்கள் வார்டிலேயே கேட்டுத் தெரிந்துகொண்டு வந்திருக்க வேண்டும். ஏன் கேட்காமல் வருகிறார்கள் என்பது எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும். அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

போன ஜனவரியில், காபிப் பழம் பறிக்கிற சமயம், சேலத்திலிருந்து மதியப் பேருந்தில் வந்துகொண்டிருந்தேன். அடிவாரம் தாண்டி வண்டி மேலே ஏறத் தொடங்கியபோதுதான் இரண்டு சீட் முன்னால் இருந்தவர்களைக் கவனித்தேன். எழுபது வயதுக்கு மேல் இருக்கும் ஒரு பெரியவர், போர்வையைச் சுற்றிக்கொண்டு ஜன்னல் ஓரம். பக்கத்தில் அவர் மகள். நிற்கிறவர்கள் பிடித்துக்கொள்ளும் மேல்கம்பியில் ஒரு துணிப்பையைக் கட்டி, அதற்குள் யூரின் பேக்கை வைத்து, அது ஆடாமல் இருக்க ஒரு கையால் பிடித்துக்கொண்டிருந்தார். டியூப் பெரியவரின் வேட்டிக்குள்ளிருந்து கிளம்பி, தலைக்கு மேலே ஏறி, பைக்குள் போனது. டியூபில் இருந்த மஞ்சள் நீர் வண்டி குலுங்கும்போதெல்லாம் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. இறங்கிய இடம் அவருடைய மூத்திரப்பை.

எழுந்து போய், “அம்மணி, இதை ஏன் மேலே கட்டியிருக்கீங்க?” என்று கேட்டேன். அவர் சொன்ன பதிலை இன்றுவரை நான் மறக்கவில்லை. “உசரத்துல இருந்தாத்தானேங்க இறங்கும்?”

அவர் சொன்னதில் ஒரு நியாயம் இருந்தது. பதினொரு நாள் அப்பாவோடு வார்டில் இருந்திருக்கிறார். பதினொரு நாளும் குளுக்கோஸ் பாட்டிலை ஸ்டாண்டில் உயரத்தில் மாட்டுவதைப் பார்த்திருக்கிறார். பாட்டில் கொஞ்சம் இறங்கினால் ரத்தம் டியூபில் ஏறுவதையும் அதற்காக சிஸ்டர் சத்தம் போடுவதையும் பார்த்திருக்கிறார். உடம்போடு ஒரு டியூப், டியூபின் நுனியில் ஒரு பை. அப்படியானால் பை மேலே இருக்க வேண்டும். கண்ணால் பார்த்ததை வைத்து மனதார யோசித்து, அப்பாவுக்கு நல்லது செய்கிறோம் என்று கை கடுக்கப் பிடித்துக்கொண்டு வந்திருக்கிறார். மொத்தம் 20 கொண்டை ஊசி வளைவு. நான் கவனித்தது மூன்றாவதில்.

பையைக் கழற்றி, அவர் இடுப்புக்குக் கீழே, சீட்டின் கால் கம்பியில், தரையில் படாதபடி கட்டினேன். டியூப் மடங்காமல் தொடையோடு ஒரு துண்டுத் துணியால் நிறுத்தினேன். பிறகு டிஸ்சார்ஜ் ஷீட்டை வாங்கிப் பார்த்தேன். ‘கத்தீட்டர் கேர் அட்வைஸ்டு’, அதாவது மூத்திர டியூபைப் பார்த்துக்கொள்ளும் முறை சொல்லப்பட்டது என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. அவ்வளவுதான். “வார்டுல ஒண்ணும் சொல்லலையா?” என்றேன். “சொன்னாங்க. பத்திரமா பாத்துக்கணும், பை நிறைஞ்சா கொட்டணும், இழுத்துடக் கூடாதுன்னு. புரிஞ்சுதான்னு கேட்டாங்க. சரிங்க சிஸ்டர்னு சொன்னேன்.”

நாலாம் நாள் பெரியவருக்குக் குளிர்காய்ச்சல் வந்து, மறுபடியும் சேலத்துக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். அந்த ஒரு பயணத்தால்தான் வந்தது என்று நான் சொல்ல மாட்டேன். கத்தீட்டர் வைத்தவருக்கு எத்தனையோ வழியில் கிருமி ஏறலாம். ஆனால் பையில் தேங்கிய மூத்திரம் திரும்ப உள்ளே போவது அதற்குத் திறந்துவிட்ட கதவு என்பது நம் எல்லாருக்கும் தெரியும். பை எப்போதும் மூத்திரப்பைக்குக் கீழே, தரையில் படாமல், மூன்றில் இரண்டு பங்கு நிறையும் முன்பே காலி செய்து, கொட்டுவதற்கு முன்னும் பின்னும் சோப்புப் போட்டுக் கை கழுவி, டியூபும் பையும் சேரும் இடத்தைப் பிரிக்காமல் வைத்திருக்க வேண்டும். சொல்ல ஒரு நிமிடம். அந்தப் பெண்ணையே கட்டில் கம்பியில் ஒரு தடவை மாட்டிக் காட்டச் சொல்லியிருந்தால் இன்னும் இரண்டு நிமிடம். மேலே மாட்டியிருப்பார். அப்போதே தெரிந்திருக்கும்.

நான் குறை சொல்லும் இடத்தில் நின்று எழுதவில்லை. 31 வருடமும் நானும் அதே கேள்வியைத்தான் கேட்டேன். “புரிஞ்சுதா?” நம் பக்கத்து மக்களிடம் அப்படிக் கேட்டால் வருகிற பதில் ஒன்றுதான். வெள்ளைச் சேலைக்கும் கோட்டுக்கும் முன்னால் நின்றுகொண்டு “புரியலைங்க” என்று சொல்ல எத்தனை பேருக்கு வாய் வரும்? அதிலும் சேர்வராயன் மலைக் கிராமங்களிலிருந்து கீழே இறங்கி வருகிற மலையாளி பழங்குடிப் பெரியவர்கள், பல பேர் பள்ளிக்கூடம் போகாதவர்கள், பேருந்தைப் பிடிக்கும் அவசரத்தில் எதற்கும் தலையாட்டிவிட்டுத்தான் வருவார்கள். ‘சரிங்க சிஸ்டர்’ என்றால் ‘உங்கள் மேல் மரியாதை வைத்திருக்கிறேன்’ என்று பொருள். ‘எனக்குச் செய்யத் தெரியும்’ என்று பொருள் இல்லை. இதை நான் ரிட்டயர் ஆன பிறகு, அவர்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பார்த்தபோதுதான் கற்றுக்கொண்டேன். அந்த வருத்தம் எனக்கு உண்டு.

அதனால் நான் கேட்பது ஒன்றே ஒன்று. வீட்டுக்குக் கருவியோ டியூபோ ஊசியோ கொடுத்து அனுப்புகிற ஒவ்வொருவரிடமும், “எனக்குச் செய்து காட்டுங்க” என்று சொல்லுங்கள். அவர்கள் செய்வதைப் பாருங்கள். தப்பாகச் செய்தால் திருத்தி, மறுபடி செய்யச் சொல்லுங்கள். அதற்குப் பிறகு டிஸ்சார்ஜ் ஷீட்டைக் கையில் கொடுங்கள்.

இது ஏன் உயிர்ப் பிரச்சினை என்பதற்கு இன்சுலினைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியம்மாவுக்குப் பல வருடமாகச் சர்க்கரை. காலையில் 20 யூனிட், ராத்திரி 12 யூனிட். அரசு மருத்துவமனையில் வாங்கிய குப்பி. ஒரு மில்லிக்கு 40 யூனிட் உள்ளது. திடீரென்று சர்க்கரை 300-க்கு மேலேயே நின்றது. சோற்றைக் குறைத்தார்கள், பலாப்பழத்தை நிறுத்தினார்கள், பேரப்பிள்ளைகளின் மிட்டாயை எடுத்துத் தின்கிறார் என்று மருமகள் வைதாள். “மருந்தே போலி போல இருக்கு” என்று மகன் சொன்னான். போய் ஊசியை எடுத்துக் காட்டச் சொன்னேன். எடுத்துவந்தான். மூடி ஆரஞ்சு நிறம்.

சிவப்பு மூடி சிரிஞ்ச் 40 யூனிட் மருந்துக்கு. ஆரஞ்சு மூடி 100 யூனிட் மருந்துக்கு. கடையில் சிவப்பு தீர்ந்துபோயிருந்தது; “இதுவும் இன்சுலின் ஊசிதான்” என்று எடுத்துக் கொடுத்திருக்கிறார்கள். அவன் வழக்கம்போல 20 என்ற கோடு வரை இழுத்திருக்கிறான். ஆரஞ்சு சிரிஞ்சில் 20 என்ற கோடு என்பது 0.2 மில்லி. அந்த 40 யூனிட் குப்பியிலிருந்து 0.2 மில்லி எடுத்தால் உள்ளே போவது 8 யூனிட். இருபது போட வேண்டிய இடத்தில் எட்டு. மூன்று வாரமாக அந்த அம்மாள் பாதி மருந்துகூட இல்லாமல் இருந்திருக்கிறார். அதோடு திட்டும் வாங்கியிருக்கிறார்.

இதுவே தலைகீழாக நடந்தால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். இன்சுலின் பேனாவில் போடும் கார்ட்ரிட்ஜில் மில்லிக்கு 100 யூனிட். பேனா பழுதாகிவிட்டது என்று யாராவது அதிலிருந்து சிவப்பு மூடி சிரிஞ்சில் 20 கோடு வரை இழுத்துப் போட்டால், போவது 50 யூனிட். இரண்டரை மடங்கு. ராத்திரி போட்டுவிட்டுப் படுத்தால் காலையில் எழுப்ப முடியாது. மலையில் ராத்திரி இரண்டு மணிக்கு, பனிமூட்டத்தில், 108 எவ்வளவு வேகமாக வந்தாலும் எங்கள் ஊருக்கு வந்து சேர்வதற்குள் என்னென்னவோ ஆகிவிடும்.

மூடியின் நிறம் குப்பியில் உள்ள எண்ணோடு பொருந்துகிறதா என்று பார்ப்பது படிக்காதவராலும் முடிகிற வேலை. சிவப்பு என்றால் நாற்பது. ஆரஞ்சு என்றால் நூறு. இந்த ஒரு வரியை நோட்டின் அட்டையில் சிவப்பு மையிலும் ஆரஞ்சு மையிலும் எழுதிக் கொடுங்கள். அவர்களே குப்பியைக் கையில் எடுத்து, சிரிஞ்சைக் கையில் எடுத்து, எத்தனை யூனிட்டோ அத்தனை கோடு இழுத்துக் காட்டட்டும். பார்வை மங்கியவராக இருந்தால் கோடு தெரிகிறதா என்பதும் அப்போதே தெரிந்துவிடும். பால் மாதிரி வெள்ளையாக இருக்கும் இன்சுலினை உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்து மெதுவாக உருட்ட வேண்டும், டானிக் பாட்டில் மாதிரி ஓங்கிக் குலுக்கக் கூடாது என்பதும் கையால் செய்து பார்த்தால்தான் மனதில் நிற்கும். அப்புறம் குளிர்ப்பெட்டி. பிரித்த குப்பியை வெயிலோ அடுப்பு அனலோ படாத இடத்தில் நாலு வாரம் வரை வெளியிலேயே வைத்துப் போடலாம். எங்கள் மலையில் அது சுலபம். பிரிக்காததைத்தான் ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும், அதுவும் ஐஸ் பெட்டியில் இல்லை. உறைந்து உருகிய இன்சுலினைத் தூக்கிப் போட வேண்டும். நல்லது என்று நினைத்து ஐஸ் பெட்டிக்குள் வைத்தவர்களை நான் இதுவரை நாலு பேர் பார்த்துவிட்டேன். கீழே, அம்மாப்பேட்டையிலும் சூரமங்கலத்திலும் சித்திரை வைகாசி வெயிலில் ஓட்டு வீட்டில் இருக்கிறவர்களுக்கு ஃப்ரிட்ஜ் இல்லாவிட்டால் மண்பானையில் தண்ணீர் ஊற்றி, அதற்குள் ஒரு சின்ன சட்டியில் குப்பியை நனையாமல் வைக்கச் சொல்லலாம்.

சர்க்கரை இறங்கிப்போனால் செய்ய வேண்டியதையும் வீட்டில் இருக்கிற இன்னொருவரிடம் சொல்லச் சொல்லிக் கேளுங்கள். வியர்வை, நடுக்கம், உளறல் என்றால் மூன்று டீஸ்பூன் சர்க்கரை தண்ணீரில் கரைத்துக் குடிக்கக் கொடுத்து, 15 நிமிடம் கழித்து மறுபடி சோதிக்க வேண்டும். நினைவில்லாதவர் வாயில் எதையும் ஊற்றக் கூடாது. ஊற்றியதால் மூச்சுக்குழலில் போனதை நான் டியூட்டியில் பார்த்திருக்கிறேன்.

போட்டு முடித்த ஊசி எங்கே போகிறது? எங்கள் ஊரில் காபித் தோல் கொட்டும் குழியில், வேலி ஓரத்தில், குப்பை வண்டியில். போன வருடம் குப்பை பிரிக்கிற ஒரு பெண்ணின் கட்டைவிரலில் ஏறியது. கல்லீரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் பி கிருமி உடம்புக்கு வெளியே குறைந்தது 7 நாள் உயிரோடு இருக்கும். அந்தப் பெண் அடுத்த ஆறு மாதம் ரத்தப் பரிசோதனைக்கு அலைந்ததை நான் கூடவே இருந்து பார்த்தேன். ஒன்றும் வரவில்லை, ஆனால் அந்த ஆறு மாதமும் அவள் தன் குழந்தைக்கு ஊட்டக்கூடப் பயந்தாள். ஊட்டுவதால் ஒன்றும் ஆகாது என்று நான் எத்தனை தடவை சொல்லியும் அவள் மனம் ஆறவில்லை. 2016-ல் வந்த திடக்கழிவு மேலாண்மை விதிகள் வீட்டில் பயன்படுத்திய ஊசி, சிரிஞ்ச், உடைந்த பாதரசத் தெர்மாமீட்டர், காலாவதி மருந்து இவற்றையெல்லாம் பெயர் சொல்லி, அபாயகரமான வீட்டுக் கழிவு என்று தனியாக வைத்தன. அவற்றை வாங்கி வைக்க உள்ளாட்சிகள் இடம் ஏற்படுத்த வேண்டும் என்றும் சொல்லின. அந்த இடம் எது என்று எங்கள் ஊரில் யாருக்கும் தெரியாது. நான் இப்போதைக்குச் சொல்லிவைத்திருப்பது, தடித்த பினாயில் பாட்டில். ஊசியை மூடியால் திரும்ப மூட முயலாமல் நேராகப் பாட்டிலில் போட்டு, முக்கால் பாகம் நிறைந்ததும் இறுக மூடி, வெளியே ‘ஊசி’ என்று எழுதி, ஆரம்ப சுகாதார நிலையத்தில் கொடுப்பது. அங்கே சில நாள் வாங்குகிறார்கள், சில நாள் “இது எங்க வேலை இல்லை” என்கிறார்கள். இணை இயக்குநர், சுகாதார அலுவலர் இருவரும் ஓர் உத்தரவு போட்டால் முடிகிற விஷயம். எல்லா ஆரம்ப சுகாதார நிலையத்திலும், எல்லா நாளும், வீட்டு ஊசிப் பாட்டிலை வாங்கிக்கொள்ள வேண்டும்.

மூக்கு வழியாக டியூப் போட்டு அனுப்புகிறவர்களைப் பற்றிச் சொல்லும்போது எனக்குக் கை நடுங்குகிறது. பக்கவாதம் வந்தவர்கள்தான் அதிகம். வீட்டுக்கு வந்ததும் ராகிக் கஞ்சியை வடிகட்டி, சிரிஞ்சில் ஏற்றி, அடிக்கட்டையால் தள்ளி, படுத்த படுக்கையில் கொடுக்கிறார்கள். படுக்க வைத்துக் கொடுத்தால் கஞ்சி மேலே ஏறி நுரையீரலில் இறங்கும். தலைப்பக்கத்தைக் குறைந்தது பாதி உட்கார்ந்த மாதிரி உயர்த்தி, டியூபில் மூக்கு ஓரம் போட்ட குறி நகரவில்லை என்று பார்த்து, சிரிஞ்சின் அடிக்கட்டையைக் கழற்றிவிட்டு, கஞ்சியைத் தானாக இறங்க விட வேண்டும். இருமினாலோ மூச்சு முட்டினாலோ உடனே நிறுத்த வேண்டும். முடிந்ததும் கொஞ்சம் வெந்நீர் ஆறவைத்தது ஊற்றி டியூபைக் கழுவி, அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் வரை அப்படியே சாய்ந்திருக்க விட வேண்டும். தலையணை எத்தனை வைத்தால் அந்த உயரம் வரும்? அவர்கள் வீட்டில் ஸ்க்ரூ சுற்றித் தூக்குகிற கட்டில் கிடையாது, பாய்தான் என்றால் என்ன செய்வது? ஒரு பழைய நாற்காலியைக் கவிழ்த்துப் போட்டு, அதன் முதுகின் மேல் மெத்தையைச் சாய்த்து உட்கார வைக்கலாம். இதையெல்லாம் வார்டிலேயே கேட்டு, அவர்கள் வீட்டில் என்ன இருக்கிறதோ அதை வைத்துச் சொல்லிக் கொடுக்க வேண்டும். ஒரு வேளைக் கஞ்சியை அந்த வீட்டுப் பெண்ணே உங்கள் கண் முன்னால் ஊற்றாமல் தயவுசெய்து அனுப்பாதீர்கள்.

அளந்து பார்க்கிற மெஷின்கள் ஆளைக் கொல்லாது என்று நினைக்கிறோம். ஆனால் தப்பான எண் தப்பான முடிவுக்கு இழுத்துக்கொண்டு போகும். கொரோனா காலத்தில் வாங்கிய, ரத்தத்தில் ஆக்சிஜன் அளவு பார்க்கிற விரல் மெஷின் எங்கள் பக்கம் வீட்டுக்கு வீடு கிடக்கிறது. மார்கழிக் குளிரில் ஒரு விடியற்காலை, ஒரு பாட்டிக்கு 84 காட்டுகிறது என்று வீடே அழுதுகொண்டு, கீழே இறங்கக் கார் பேசிவிட்டார்கள். போய்ப் பார்த்தால் பாட்டி நன்றாக மூச்சு விடுகிறார், பேசுகிறார். விரல் மட்டும் ஐஸ்கட்டி. இரண்டு கையையும் என் கைக்குள் வைத்துத் தேய்த்து, சூடான பிறகு போட்டால் 96. குளிர்ந்த விரல், நகச்சாயம், மருதாணி இவை எண்ணைக் குறைத்துக் காட்டும். அதே மெஷின் நம்மைப் போன்ற கறுத்த தோலில் உள்ளதைவிடச் சற்றுக் கூடுதலாகவும் காட்டக்கூடும். ஆகவே எண் 95 என்று இருந்தாலும் ஆளுக்கு மூச்சு இரைத்தால் ஆளைத்தான் நம்ப வேண்டும்.

பி.பி. பார்ப்பதில் நாமே வார்டில் தப்பான முன்மாதிரியாக இருக்கிறோம். நோயாளி நடந்து வந்த மூச்சோடு, பேச்சுக் கொடுத்துக்கொண்டே, ஜாக்கெட் கைக்கு மேலேயே பட்டையைச் சுற்றி, கையைத் தொங்கவிட்டுப் பார்க்கிறோம். பார்க்கிறவர்கள் அதையேதான் வீட்டிலும் செய்வார்கள். ஐந்து நிமிடம் முதுகு சாய்த்து உட்கார்ந்து, கால் தரையில் பதிய, கையை நெஞ்சு மட்டத்தில் எதன் மேலாவது வைத்து, வெறும் கையில் கட்டி, வாயை மூடிக்கொண்டு பார்த்தால் வருகிற எண்தான் உண்மை. பேசினாலே பத்து கூடும். பருத்த கைக்குச் சின்னப் பட்டை கட்டினாலும் அப்படித்தான். எங்கள் ஊரில் பார்க்கிற நேரமெல்லாம் காபித் தம்ளர் கையில் இருக்கும். காபி குடித்தால் அரை மணி நேரமாவது கழித்துப் பாருங்கள் என்று சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிக்கிறது. இந்தத் தப்பான எண்ணை நோட்டில் எழுதிக்கொண்டு போய்க் காட்டினால் டாக்டர் மாத்திரையைக் கூட்டிவிடுவார். அப்புறம் தோட்டத்துச் சரிவில் தலை சுற்றி விழுவார்கள்.

சுகர் மெஷினுக்கும் ஒரு வார்த்தை. ஆரஞ்சு உரித்த கையைக் கழுவாமல் குத்தினால் ரத்தத்தின் சர்க்கரையோடு ஆரஞ்சின் சர்க்கரையும் சேர்ந்து வரும். ஸ்பிரிட் தேய்ப்பதைவிட சோப்புப் போட்டுக் கழுவித் துடைப்பதுதான் முக்கியம். ஸ்ட்ரிப் டப்பாவை மூடாமல் வைத்தால் எங்கள் மலையின் ஈரப்பனியில் ஸ்ட்ரிப் கெட்டுப்போய் என்ன வேண்டுமானாலும் காட்டும். குத்துகிற ஊசியை அப்பாவும் அம்மாவும் மாற்றி மாற்றிப் பயன்படுத்தவே கூடாது.

வீசிங்குக்கு மருந்தை ஆவி மாதிரி கொடுக்கிற நெபுலைசரின் மருந்துக் கிண்ணத்தைக் கழுவிக் காயவைப்பது, அதில் குழாய்த் தண்ணீரை ஊற்றாமல் இருப்பது, குழந்தை மருந்துக்குச் சமையல் கரண்டி வைக்காமல் கூட வந்த மூடியால் அளப்பது, சொட்டு மருந்தும் சிரப்பும் ஒரே பெயரில் இருந்தாலும் வீரியம் வேறு என்பது, இவையெல்லாம் உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆனால் மலைக்கு அனுப்புகிறவர்களுக்கு மட்டும் இரண்டைக் கூடுதலாகச் சொல்லுங்கள். வீட்டில் ஆக்சிஜன் வைத்தால் அந்த அறையில் கணப்புச் சட்டியோ விறகு அடுப்போ விளக்கோ பீடியோ கூடாது. குளிருக்குக் கங்கு வைத்துக்கொண்டு பக்கத்தில் ஆக்சிஜன் ஓடிய ஒரு வீட்டை நான் பார்த்தேன். அன்று ஏன் எதுவும் நடக்கவில்லை என்று எனக்கு இன்னும் புரியவில்லை. இன்னொன்று, சர்க்கரையால் பாதம் மரத்துப்போனவர்கள் வெந்நீர்ப் பையைக் காலில் வைத்துத் தூங்கக் கூடாது. சுடுவது தெரியாது. காலையில் கொப்புளம், ஒரு மாதத்தில் புண், அதற்கு மேல் நடப்பது உங்கள் ஆபரேஷன் தியேட்டரில்.

உங்கள் சுமை எனக்குத் தெரியும். ஒரு சிஸ்டர் இரண்டு வார்டு பார்த்த இரவுகளை நானும் கடந்திருக்கிறேன். தனித்தனியாக உட்கார நேரமில்லை என்றால், காலை பதினோரு மணிக்கு, மறுநாள் போகப்போகிறவர்களின் வீட்டு ஆட்களை ஒரு கட்டிலைச் சுற்றி நிறுத்துங்கள். இருபது நிமிடம் போதும். பை உள்ளவர்கள் பையை மாட்டட்டும், ஊசி உள்ளவர்கள் இழுக்கட்டும். பயிற்சிக்கு வரும் செவிலியர் மாணவிகளை இதற்கு முன்னே நிறுத்துங்கள். அவர்களுக்கும் இது படிப்புதான். ஒருவர் செய்வதைப் பார்த்து இன்னொருவர் கற்பார். முதல் நாள் தப்பாகச் செய்தவர் டிஸ்சார்ஜ் அன்று காலையில் ஒருமுறை செய்து காட்டிவிட்டுக் கிளம்பட்டும். டிஸ்சார்ஜ் ஷீட்டில் தமிழில் ஒரு வரி சேருங்கள்: ‘இன்னார் செய்து காட்டினார், பார்த்தேன்’ என்று எழுதி சிஸ்டர் கையெழுத்து. டாக்டரின் கையெழுத்துக்கு இருக்கிற மதிப்பு அந்தக் கையெழுத்துக்கும் வர வேண்டும்.

2021 ஆகஸ்டிலிருந்து ‘மக்களைத் தேடி மருத்துவம்’ வந்ததில் எங்களைப் போன்ற ஊர்களுக்குப் பெரிய நிம்மதி. பி.பி., சுகர் மாத்திரைக்காக மலை இறங்க வேண்டியதில்லை. அந்தத் தன்னார்வப் பெண்கள் மழையிலும் நடந்து வருகிறார்கள். அவர்கள் எப்படியும் வீட்டுக்குள் வருகிறார்கள் அல்லவா? மாத்திரையை எண்ணிக் கொடுக்கும்போதே சிரிஞ்ச் மூடியின் நிறத்தையும், ஸ்ட்ரிப்பின் தேதியையும், பை மாட்டியிருக்கும் உயரத்தையும் ஒரு கண் பார்க்க அவர்களுக்குப் பயிற்சி கொடுங்கள். மாதத்தில் ஒரு நாள், வீட்டு பி.பி. மெஷினை ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு எடுத்துவந்து அங்கே உள்ள சரியான மெஷினோடு ஒப்பிட்டுப் பார்க்க ஏற்பாடு செய்யுங்கள். மருந்துக்கடைக்காரத் தம்பிகளையும் கூப்பிட்டு, குப்பியின் எண்ணைக் கேட்காமல் சிரிஞ்ச் கொடுக்க வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். அவர்கள் கேட்பார்கள். கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லை.

செவ்வாய், வெள்ளி இரண்டு நாளும் காலையில் எனக்கு வேறு வேலை இல்லை. முதல் வண்டிக்கு இறங்கினால் பத்து மணிக்குள் சேலத்தில் எந்த மருத்துவமனைக்கும் வந்துவிடுவேன். காசு எதுவும் வேண்டாம். சிவப்பு மூடி சிரிஞ்ச் ஒன்று, ஆரஞ்சு மூடி ஒன்று, 40 யூனிட் காலிக் குப்பி ஒன்று, பயன்படுத்தாத யூரின் பேக் ஒன்று, அதை மாட்ட ஒரு கம்பிக் கொக்கி எல்லாம் ஒரு துணிப்பையில் போட்டுத் தயாராக வைத்திருக்கிறேன். எந்த வார்டில் முதலில் தொடங்கலாம் என்று நீங்கள் சொன்னால் போதும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஸ்டாஃப் நர்ஸ்,
ஏற்காடு.